ஒடெட் அம்மையார்

போர்க்களத்தில் படைக்கலம் ஏந்திப் பொருவது மட்டுமே வீரம் அன்று. சொல்லத் தகாததைச் சொல்லாது நாவைக் காப்பதும் வீரமேயாகும். இதற்குத் தம் வாழ்வையே சான்றாக்கியவர் ஒடெட் அம்மையார்.

இவர் 1912-ஆம் ஆண்டில் பிரான்சு நாட்டின் அமியேன் நகரில் பிறந்தார். தந்தையார் முதல் உலகப் போரில் உயிர் துறந்தார். இளமையில் கொடிய நோயுற்ற ஒடெட், நெடுங்காலம் கண்ணொளி இழந்து வருந்தினார். நலம் பெற்றபின், சான்சம் என்னும் ஆங்கிலேயரை 1931-இல் மணந்து, இங்கிலாந்தில் குடியேறினார். பெண்மக்கள் மூவருக்குத் தாயாகி இல்லறம் நடத்தினார்.

1940-இல் பிரான்சு ஜெர்மானியரிடம் வீழ்ந்தது. 1942-இல் ஆங்கில அரசினர், பிரெஞ்சுக் கடற்கரையின் படங்களை வைத்திருப்போர் அவற்றைக் கடற்படை அலுவலகத்திற்கு அனுப்புமாறு வானொலி வாயிலாக வேண்டினர். அம்மையார் அனுப்பிய படங்களோ, முகவரி பிழைபட்டமையால், போர்த்துறை அலுவலகத்தை அடைந்தன. அப்பிழையே அவர் வாழ்வை மாற்றியது. பிரெஞ்சு மொழியும் நாடும் நன்கறிந்த அவரை ஒற்றுப்பணிக்கு அழைத்தனர். பெற்ற மக்களைப் பிரிவதா, பிறந்த நாட்டின் துயரை வாளா கண்டிருப்பதா என அவர் உள்ளம் ஊசலாடிற்று. முடிவில், மக்களைக் கன்னியர் மடத்துப் பள்ளியில் சேர்த்துவிட்டு, அவ்வாண்டின் இறுதியில் படகேறிப் பிரான்சின் தென்கரையை அடைந்தார்.

அங்கே புனைபெயர் பூண்டு, பீட்டர் சர்ச்சில் என்பாரின் குழுவில் செய்தி கொண்டு செல்லும் பணியை ஆற்றினார். 1943 ஏப்பிரலில் இருவரும் பகைவர் கையில் அகப்பட்டனர். வானொலிக் கருவி இயக்கும் தோழர் எங்குள்ளார் என வினவிப் பகைவர் அவரைத் துன்புறுத்தினர், முதுகில் சுட்டனர், கால்நகங்களைப் பிடுங்கினர். அம்மையார் வாய் திறந்திலர். பீட்டர் ஆங்கிலப் பிரதமரின் உறவினர் என்றும், குற்றம் அனைத்தும் தம்முடையதே என்றும் பொய்யுரைத்து, அவர் உயிரையும் காத்தார். தமக்கு விதிக்கப்பட்ட மரண தண்டனைக்கும் அஞ்சவில்லை.

பின்னர் ராவென்ஸ்புரூக் சிறைமுகாமின் இருட்டறையில் தனியே அடைபட்டார். இளமையில் இருளோடு பழகிய அவ்வுள்ளம் அங்கும் தளரவில்லை. 1945-இல் ஜெர்மனி தோல்வியுறும் தறுவாயில், முகாம் தலைவன் தன் உயிர் பிழைக்கும் பொருட்டு அவரை அமெரிக்கப் படையினரிடம் தானே அழைத்துச் சென்றான். அம்மையாரோ அவன் இன்னான் என்பதை அவர்களுக்கு வெளிப்படுத்தினார்.

தம் மக்களிடம் மீண்டு வந்த அவருக்கு 1946-இல் ஜார்ஜ் சிலுவை என்னும் உயர்ந்த விருது வழங்கப்பெற்றது. அதனைத் தமக்குரியதாகக் கருதாமல், திரும்பி வாராத தோழியர் அனைவர்க்கும் உரியதாகவே அவர் போற்றினார். 1995-இல் அவர் மறைந்தார். அடுக்களையில் மக்களுக்கு உணவு சமைத்த கைகளே அரிய நாட்டுப் பணியையும் ஆற்றின. ஆற்றல் யாரிடத்து உறைகின்றது என்பதைத் தோற்றத்தால் அறிதல் அரிது.