கை ஓயும்வரை கையெழுத்து

மலருக்கு ஏதாவது எழுதுங்கள் சார், மாணவர்களுக்கும் உபயோகமாக இருக்கட்டும் என்று மலர்க் குழுவினர் கேட்டுக்கொண்டார்கள். நாங்கள் வரலாறு படித்த நாளில் இரண்டாம் உலகப்போர் என்றால் ஹிட்லர், சர்ச்சில், ஸ்டாலின்தான். சியுனே சுகிஹாரா என்ற பேரை நான் கேள்விப்பட்டதே பணி ஓய்வுக்குப் பிறகுதான்.

1900 ஜனவரி 1-இல் ஜப்பானில் பிறந்தவர். அப்பாவுக்கு மகனை டாக்டராக்க ஆசை. மகனோ நுழைவுத் தேர்வில் பேரை மட்டும் எழுதி, வெற்றுத்தாளைக் கொடுத்துவிட்டு வந்துவிட்டாராம்! (மாணவர்கள் இதை மட்டும் பின்பற்ற வேண்டாம்.) டோக்கியோவில் வாசேதா பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். வீட்டிலிருந்து பணம் வரவில்லை. கிடைத்த வேலையைச் செய்து சமாளித்தார். பிறகு வெளியுறவு அமைச்சகத்தின் உதவித்தொகைத் தேர்வில் தேறி, ஹார்பின் நகரில் ரஷ்ய மொழி கற்றார்.

1939-இல் லிதுவேனியாவின் கௌனாஸ் நகரில் வைஸ் கான்சல். மறு ஆண்டு சோவியத் படை உள்ளே வந்தது. தூதரகங்களை மூடச் சொல்லிவிட்டார்கள். ஜூலையில் ஒரு நாள் வாசலில் பெருங்கூட்டம். போலந்திலிருந்து தப்பி வந்த யூதர்கள். மேற்கே ஹிட்லர். சைபீரியா ரயிலேறி ஜப்பான் வழியாகப் போவதுதான் பாக்கியிருந்த வழி. அதற்கு ஜப்பானின் டிரான்சிட் விசா வேண்டும். டச்சு கான்சலாக இருந்த பிலிப்ஸ் கம்பெனி மேலாளர் யான் ஸ்வார்டெண்டைக், கியூரசாவ் தீவுக்கு விசா தேவையில்லை என்று எழுதிக் கொடுத்தார். கவர்னர் அனுமதி வேண்டும் என்பதை வேண்டுமென்றே விட்டுவிட்டார்!

சுகிஹாரா டோக்கியோவுக்குத் தந்தி அடித்துக் கேட்டார். போய்ச் சேரும் நாட்டின் அனுமதியும் கையில் போதிய பணமும் இருந்தால்தான் விசா என்று பதில்.

நானும் ஒரு அரசு அலுவலகத்தில் முப்பது வருஷம் கையெழுத்துப் போட்டவன். விதவைப் பென்ஷன் கேட்டு வந்த ஒரு அம்மாவை, ஒரு சான்று குறைகிறது என்று திருப்பி அனுப்பினேன். விதிப்படி சரிதான். அந்த அம்மா மறுபடி வரவேயில்லை. எங்கே போனார்களோ, நான் விசாரிக்கவும் இல்லை.

சுகிஹாரா போட்டார். ஜூலை, ஆகஸ்ட் மாதங்களில் நாள் முழுக்கக் கையால் எழுதி எழுதி, அவர் பட்டியலில் 2,100-க்கு மேல் பேர்கள். ஒரே விசாவில் குடும்பமே போனதும் உண்டு. இரவில் அவர் கையை மனைவி யுகிகோ பிடித்துவிடுவாராம். ஊரைவிட்டுக் கிளம்பும்போது ரயில் நிலையத்திலும் எழுதிக் கொடுத்ததாக அந்த அம்மையார் பின்னாளில் சொன்னார். வந்தவர்கள் சுருகா துறைமுகத்தில் இறங்கி, கோபே நகரில் தங்கி, பல நாடுகளுக்குப் பிரிந்து போனார்கள்.

போர் முடிந்ததும் சோவியத் முகாமில் குடும்பத்தோடு காவல். 1947-இல் ஊர் திரும்பியவரிடம் அமைச்சகம் ராஜினாமா வாங்கியது. ஆட்குறைப்பு என்றது அமைச்சகம். கௌனாஸ் விவகாரம்தான் என்றது குடும்பம். பிழைப்புக்குப் பல வேலை பார்த்தார். கற்ற ரஷ்ய மொழி கைகொடுக்க, ஒரு வணிக நிறுவனத்துக்காகப் பல வருஷம் மாஸ்கோவில் தனியாக இருந்தார். தான் எழுதிய விசாக்களால் எத்தனை பேர் பிழைத்தார்கள் என்பதே அவருக்குத் தெரியாது. 1968-இல், தப்பியவர்களில் ஒருவரான யெகோசுவா நிஷ்ரி தேடிக் கண்டுபிடித்தபோதுதான் விஷயம் புரிந்தது. 1985-இல் இஸ்ரேல் கௌரவித்தது. உடம்பு முடியாததால் அவரால் போக முடியவில்லை. 1986 ஜூலை 31-இல் காலமானார்.

ஜப்பான் வெளியுறவு அமைச்சகம் அவர் பேரில் நினைவுப் பலகை வைத்தது 2000-ஆம் ஆண்டில். யுகிகோ அம்மையார் அப்போது உயிரோடுதான் இருந்தார்.