கறிவேப்பிலைக்குப் பெயர் தந்த மருத்துவர்

தாளிக்கும்போது தேடுவோம், சாப்பிடும்போது ஒதுக்குவோம். காரியம் முடிந்ததும் கைவிடப்பட்டவரைக் 'கறிவேப்பிலை' என்று சொல்வது அதனால்தான். அந்தச் செடியின் தாவரவியல் பெயருக்குள் இருக்கும் மனிதரும் ஏறக்குறைய அப்படித்தான். அவர் பெயர் யோஹான் கெர்ஹார்ட் கோனிக்.

1728-ல் பால்டிக் கடலோர லிவோனியாவில் பிறந்தவர். ஸ்வீடனில் கார்ல் லின்னேயஸிடம் பாடம் கேட்டார். செடிகொடிகளுக்கெல்லாம் இரண்டு சொல்லில் பெயர் வைக்கும் முறையை நிலைநாட்டியவர் லின்னேயஸ். 1765-ல் ஐஸ்லாந்தில் செடி தேடிய கோனிக், 1768-ல் டேனிஷ் மிஷனின் மருத்துவராகத் தரங்கம்பாடியில் வந்து இறங்கினார். எங்க கட்டுமாவடியிலிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலையில் வடக்கே போனா வருமே, அதே தரங்கம்பாடிதான்.

வைத்தியம் பார்த்த நேரம் போக மீதி நேரமெல்லாம் செடிதான். உலர்த்திய மாதிரிகளைக் குருநாதருக்கு அனுப்பினார். 1771-ல் லின்னேயஸ், கறிவேப்பிலைக்கு 'பெர்கெரா கோனிகி' என்று சீடர் பெயரையே வைத்தார். 1825-ல் அது 'முர்ரயா கோனிகி' ஆனது. இப்போது மறுபடியும் 'பெர்கெரா' என்கிறார்கள். முன்பெயர் மாறினாலும் 'கோனிகி' மட்டும் போகவில்லை.

இதே லின்னேயஸ் 1753-ல் ஆடம் லோனிசர் என்ற ஜெர்மன் மருத்துவரின் பெயரை ஹனிசக்கிள் இனத்துக்கு 'லோனிசெரா' என்று வைத்தவர். அதில் நீலப்பழ ஹனிசக்கிளைக் குளிர் நாடுகளில் அழகுக்கும் வளர்ப்பாங்க, பழத்தையும் சாப்பிடுவாங்க. நம்ம கடற்கரை வெயிலுக்கு அது சரிப்படாது. அதனால் என்ன, நமக்குக் கறிவேப்பிலை இருக்கே! கொத்துக் கொத்தாக மணக்கும் வெள்ளைப் பூ. பச்சையில் தொடங்கிச் சிவந்து கறுக்கும் பழம். சதை இனிக்கும், விதையை மட்டும் துப்பிவிட வேண்டும், அது உண்ணத் தகாதது.

வளர்ப்பதும் சுலபம். கறுத்த பழத்தைப் பிதுக்கி, விதையை உடனே ஊன்றணும். காய வைத்தால் முளைப்பு குறைந்துவிடும். வேரோடு கிளம்பும் பக்கக்கன்றையும் பிரித்து நடலாம். கட்டுமாவடி மணலில் தண்ணீர் தேங்காது, அது நல்லது. உப்புத் தண்ணீர்தான் எதிரி. இலை ஓரம் கருகும். மழைநீர் இறங்குகிற இடமாகப் பார்த்து, மட்கிய எரு போட்டு வைக்கணும். நுனி கிள்ளினால் புதராகப் படரும். இரண்டு கிளையை விட்டு வைத்தால்தான் பூவும் பழமும்.

கோனிக்கின் பிற்காலம் அத்தனை சுலபமாக இல்லை. பயணச் செலவுக்கு மிஷன் சம்பளம் போதவில்லை. ஆற்காடு நவாபிடம் வேலை பார்த்தார். 1778-ல் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு வந்தார். சயாம், மலாக்கா வரை போய்ச் செடி சேர்த்தார். தஞ்சைப் பகுதிக் கறையான்களைப் பற்றி அவர் எழுதியது 1779-ல் பெர்லினில் வெளியானது. வில்லியம் ராக்ஸ்பரோவுக்கு இந்தியச் செடிகளில் ஆரம்ப வழிகாட்டி அவர்தான். 1785 ஜூன் 26-ல் காக்கிநாடா பக்கம் காலமானார். குறிப்புகளெல்லாம் லண்டனில் ஜோசப் பேங்க்ஸிடம் போய்ச் சேர்ந்தன. ஆர்க்கிட் செடிகளைப் பற்றி அவர் எழுதி வைத்தது, 1791-ல் ரெட்ஸியஸ் என்பவரின் புத்தகத்துக்குள் அச்சேறியது. தன் பெயரில் பெரிய நூல் ஒன்றைப் பார்க்காமலே போய்விட்டார்.

அவருக்காவது ஒரு செடியில் பாதிப் பெயர் கிடைத்தது. வழியும் செடியும் காட்டிய உள்ளூர்க்காரர்கள் இல்லாமல் அவர் வேலை நடந்திருக்காது. அவர்களுக்கு அந்தப் பாதிகூட இல்லை.

நண்பர்களே, நம் கல்லூரிப் பட்டறையில் அரத்தைப் பிடிக்கக் கற்றுக்கொடுத்த உதவியாளர்கள், ஆய்வுக்கூடத்தில் நாம் கருக்கிய ஃபியூஸை மாற்றித் தந்தவர்கள், விடுதிச் சமையல்காரர்கள் இவர்களில் எத்தனை பேரின் பெயர் நமக்கு ஞாபகம் இருக்கு? இந்தச் சந்திப்பில் உட்கார்ந்து ஒரு பட்டியல் போடுவோம். அடுத்த மலரில் அந்தப் பெயர்கள் அச்சில் வரட்டும். கூடவே கல்லூரி வளாகத்தில் ஒரு கறிவேப்பிலைக் கன்றும் வைப்போம். பறிக்கிறவர்கள் பறிக்கட்டும், அது தழைக்கும்.

(கட்டுரையாளர் நம் கல்லூரியின் முன்னாள் மாணவர், கட்டுமாவடியைச் சேர்ந்த பொறியாளர்.)