மேகம் மறைத்த தாரகை

சங்க மலருக்கு மறைந்த பெரியவர் ஒருவரின் வாழ்க்கை வரலாற்றை எழுதித் தரவேண்டும் என்று மலர்க் குழுவினர் பணித்தனர். பாரதியாரையும் வ. உ. சி.யையும் எனக்கு முன்பே இருவர் எடுத்துக்கொண்டுவிட்டனர். நான் ரித்விக் கட்டக் என்றேன். குடித்தே உடம்பைக் கெடுத்துக்கொண்ட ஒரு வங்காள சினிமாக்காரரா நமக்குப் பெரியவர் என்று செயலாளர் முகம் சுளித்தார். அவரும் படிக்கவேண்டும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

2025-ஆம் ஆண்டோடு கட்டக் பிறந்து நூறு ஆண்டுகள் நிறைந்தன. அவருடைய 'மேகே டாக்கா தாரா' வெளிவந்து 65 ஆண்டுகள் நிறைந்ததும் அதே ஆண்டுதான். விடுதியில் என் அடுத்த அறையில் இருக்கும் வங்காள நண்பர் எங்களில் ஐந்தாறு பேரைக் கூட்டிவைத்து அப்படத்தைப் போட்டுக் காட்டினார். எனக்கு வங்க மொழி தெரியாது. அடியில் ஓடும் எழுத்துக்களைப் படித்தபடியே பார்த்தேன். படம் தொடங்கிய சிறிது நேரத்திலேயே கதாநாயகி நீதாவின் செருப்பு வார் அறுந்துபோகிறது. ஒரு கணம் நிற்கிறாள். பிறகு நடக்கிறாள், அவ்வளவுதான். அதற்குப் பின் வந்த எழுத்துக்களை நான் ஒழுங்காகப் படித்தேன் என்று சொல்லமுடியாது. காரணத்தைப் பின்னால் சொல்லுகிறேன்.

கட்டக் 1925 நவம்பர் 4-இல் டாக்காவில் பிறந்தார். தந்தை மாஜிஸ்திரேட். அண்ணன் மனீஷ் கட்டக் பெயர்பெற்ற கவிஞர். அவ்வண்ணனின் மகள்தான் பின்னாளில் எழுத்துலகில் புகழ்பெற்ற மகாசுவேதா தேவி. வசதியும் கல்வியும் நிரம்பிய குடும்பம். ஆயினும் 1943-இல் வங்கத்தைப் பஞ்சம் சூறையாடியது. 1947-இல் நாடு துண்டாடப்பட்டது. பிறந்த ஊரும் நீந்தித் திளைத்த ஆறும் வேற்று நாடாகிவிட்டன. அந்தக் காயம் கடைசிவரை அவருக்கு ஆறவேயில்லை. அவர் எடுத்த படங்களில் எதைப் புரட்டினாலும் அடியில் கசிவது அந்தக் காயந்தான்.

கல்கத்தாவில் அவர் இந்திய மக்கள் நாடக மன்றத்தில் சேர்ந்து நாடகம் எழுதினார், நடித்தார். அக்காலத்தில் நிமாய் கோஷ் என்பவர் அகதிகளின் துயரத்தை வைத்து 'சின்னமூல்' என்ற படத்தை எடுத்தபோது கட்டக் அதில் நடித்ததோடு உதவியாளராகவும் உழைத்தார். அதே நிமாய் கோஷ் பின்பு சென்னைக்கு வந்து 1960-இல் 'பாதை தெரியுது பார்' என்னும் தமிழ்ப் படத்தை டைரக்ட் செய்தார். வங்காளத்தில் 'மேகே டாக்கா தாரா' வெளிவந்ததும் அதே 1960-இல்தான். இதைக் கண்டுபிடித்தபோது எனக்கு உண்டான மகிழ்ச்சியை மலர்க் குழுவினர் பொறுத்தருளவேண்டும்.

கட்டக்கின் முதற்படம் 'நாகரிக்'. 1952-இல் எடுத்து முடித்தார். அது பெட்டியைவிட்டு வெளிவரவில்லை. சத்யஜித் ராயின் 'பதேர் பாஞ்சாலி' திரைக்கு வந்தது 1955-இல். எது முந்தியது, யார் பெரியவர் என்று வங்காள நண்பர்கள் இன்றும் மல்லுக்கு நிற்கிறார்கள். நம் ஊரில் எம்.ஜி.ஆர்., சிவாஜி என்று தாத்தாமார்கள் சண்டையிட்டதைக் கேட்டு வளர்ந்தவன் நான். அந்த வம்பில் தலையிடமாட்டேன்.

பிழைப்புக்காகப் பம்பாய்க்கும் போனார். பிமல் ராய் எடுத்த 'மதுமதி' படத்தின் கதை கட்டக் எழுதியதே. 1958-இல் அது நாடெங்கும் ஓடோ ஓடென்று ஓடியது. அங்கேயே இருந்திருந்தால் பணத்துக்குப் பஞ்சமிருந்திராது. ஆனால் அவர் கல்கத்தாவுக்குத் திரும்பி, ஓட்டை உடைசல் வாடகைக் கார் ஒன்றையும் அதைப் பெற்ற பிள்ளைபோல் நேசிக்கும் டிரைவரையும் வைத்து 'அஜாந்திரிக்' எடுத்தார். கையில் காசு நிற்கவில்லை.

இனி நீதாவின் கதைக்கு வருகிறேன். கிழக்கு வங்கத்திலிருந்து வந்து கல்கத்தாவின் ஓரத்தில் குடிசை போட்டுக்கொண்ட அகதிக் குடும்பம். தந்தை பள்ளி ஆசிரியர். அண்ணன் சங்கர் பாட்டுப் பயிலுகிறான், சம்பாதிப்பதில்லை. மூத்த மகள் நீதாவின் சம்பளத்துக்குத் தம்பி, தங்கை, தாய் எல்லாரும் கை நீட்டுகிறார்கள். அவள் படிப்பை விடுகிறாள். அவள் விரும்பியவன் தங்கையை மணந்துகொள்கிறான். முடிவில் காசநோய் வந்து ஷில்லாங் மலை மருத்துவமனையில் கிடக்கும்போது, தேடிவந்த அண்ணனிடம், தான் வாழ விரும்பியதைச் சொல்லிக் கதறுகிறாள். மலைகளெல்லாம் அந்தக் கதறலைத் திருப்பிச் சொல்லுகின்றன. அழுமூஞ்சிப் படம் என்றார் உடனிருந்த நண்பர் ஒருவர். நீதாவின் நெஞ்சு முறியும் இடத்தில் சவுக்கடி ஓசை கேட்பது அவருக்குச் சிரிப்பாக இருந்ததாம். எனக்கு அது மிகையாகத் தோன்றவில்லை. வீட்டில் எவரும் காதில் வாங்காத அடியை டைரக்டர் நம் காதில் விழச் செய்கிறார்.

என் அக்கா கோவையில் ஒரு மில் அலுவலகத்தில் கணக்கெழுதுகிறாள். என் விடுதிக் கட்டணம் அவள் சம்பளத்திலிருந்து வருகிறது. அறுந்த செருப்பு வாரில் ஊக்கைக் குத்திக்கொண்டு அவள் பஸ்ஸுக்கு ஓடியதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். பார்த்தும் ஒன்றும் தோன்றியதில்லை. படம் முடிந்த இரவு அவளைத் தொலைபேசியில் கூப்பிட்டேன். என்ன பேசுவதென்று தெரியவில்லை. சாப்பாட்டுப் பணம் கட்டியாயிற்றா என்று அவள்தான் கேட்டாள். தீபாவளிக்குப் போனபோது ஒரு ஜோடி செருப்பு வாங்கிக்கொண்டு போனேன். அளவு பெரிதாகிவிட்டது. முன்னால் பஞ்சு வைத்து மாட்டிக்கொள்கிறாள்.

கட்டக்கின் வாழ்நாளில் நன்றாக ஓடியது அந்த ஒரு படந்தான். அடுத்து வந்த 'கோமல் காந்தார்' 1961-இல் விழுந்தது. ஆற்றங்கரையோடு முடிந்துபோகும் ரயில் தண்டவாளத்தில் காமிரா பாய்ந்து சென்று திரை இருண்டுபோகும் இடம் ஒன்று போதும், பிரிவினை என்றால் என்னவென்று அறிய. 'சுபர்ணரேகா' 1962-இல் முடிந்தும் 1965 வரை காத்துக் கிடந்தது. இதற்கிடையில் குடி அவரை விழுங்கத் தொடங்கியது. செயலாளர் சொன்னதில் பொய்யில்லை. மனைவி சுரமாவும் பிள்ளைகளும் பட்ட பாட்டை அவருடைய மேதையைச் சொல்லி மறைப்பது நேர்மையாகாது.

ஆனால் 1960-களின் நடுவில் புனாத் திரைப்படக் கல்லூரியில் அவர் சிறிது காலம் ஆசிரியராக இருந்து, துணை முதல்வராகவும் பணியாற்றினார். மணி கௌல், குமார் சஹானி, ஜான் ஆபிரகாம் ஆகியோர் அங்கே அவரிடம் பாடம் கேட்டவர்கள். 1970-இல் பத்மஸ்ரீ வந்தது. வங்க தேசம் பிறந்தபின் அங்கே சென்று, மீனவர் வாழ்வைச் சொல்லும் 'திதாஷ் ஏக்டி நதீர் நாம்' படத்தை 1973-இல் எடுத்தார். இழந்த மண்ணைத் திரும்பப் பார்த்தார். உடம்போ நோயில் விழுந்துவிட்டது. கடைசிப் படத்தில் குடிகார அறிவாளியாகத் தாமே நடித்துத் தம்மைத் தாமே கூண்டில் ஏற்றிக்கொண்டார். 1976 பிப்ரவரி 6-இல் கல்கத்தாவில் மறைந்தபோது வயது 50.

மறு ஆண்டு, 1977-இல், அந்தக் கடைசிப் படம் வெளிவந்தது. கால் நூற்றாண்டாகப் பெட்டியில் கிடந்த 'நாகரிக்'கும் வெளிவந்தது. மாணவர் ஜான் ஆபிரகாம் தமிழில் 'அக்ரஹாரத்தில் கழுதை' எடுத்ததும் அதே ஆண்டில்தான்.