கழுதைக்கும் ஒரு கதை உண்டு

(இளங்கலை மூன்றாம் ஆண்டு மாணவன்)

பள்ளிப் பருவத்தில் என்னைக் ‘கழுதை’ என்று அழைத்தவர் பலர். என் தாத்தா ஊராரின் அழுக்குத் துணிகளைக் கழுதைமேல் ஏற்றி ஆற்றுத் துறைக்குக் கொண்டுசென்று வெளுத்தவர். அச்செய்தி இங்கும் தெரிந்துவிடுமோ என்று இக்கல்லூரியில் முதலாண்டு முழுவதும் அஞ்சிக் கிடந்தேன். அந்த அச்சத்தைப் போக்கியவர், நான் பிறப்பதற்கு முன்பே மறைந்துவிட்ட திரைப்படக் கலைஞர் ஜான் ஆபிரகாம்.

கேரளத்தின் குட்டநாட்டில் 1937ஆம் ஆண்டு பிறந்தவர் ஜான். பட்டம் பெற்றபின் ஆயுள் காப்பீட்டுக் கழகத்தில் பணியாற்றினார். எவரும் விட மனமில்லாத அந்த நிலையான வேலையை உதறிவிட்டுப் புனே திரைப்படக் கல்லூரியில் சேர்ந்தார். வங்க இயக்குநர் ரித்விக் கட்டக் அங்கே அவருக்கு ஆசானாக வாய்த்தார்.

1977இல் ஜான் தமிழில் எடுத்த படம் ‘அக்கிரகாரத்தில் கழுதை’. திரைக்கதை வெங்கட் சாமிநாதனுடையது. தாயை இழந்த கழுதைக் குட்டிக்குப் பேராசிரியர் ஒருவர் அடைக்கலம் தருகிறார். அப்பேராசிரியராக நடித்தவர் இசையமைப்பாளர் எம். பி. சீனிவாசன். கல்லூரியில் ஏளனம் எழவே, குட்டியைத் தம் கிராமத்து அக்கிரகாரத்தில் கொண்டுபோய் விடுகிறார். வாய் பேச இயலாத உமா என்ற பெண்ணே அதைப் பரிவோடு பேணுகிறாள். ஊரில் நேரும் கேடுகளுக்குக் கழுதைமேல் பழி போட்டு அதைக் கொல்கிறார்கள். பின்னர் அதற்கே கோயில் எழுப்பவும் முனைகிறார்கள்! எதிர்ப்புகளுக்கிடையே சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது அப்படம்.

முதலாளிகளை நம்பிப் படமெடுப்பதில் ஜானுக்கு விருப்பமில்லை. 1984இல் நண்பர்களோடு ‘ஒடேசா’ என்ற அமைப்பைத் தொடங்கினார். ஊர் ஊராகச் சென்று நல்ல படங்களைத் திரையிட்டு, மக்கள் தந்த சிறு தொகைகளைத் திரட்டினார்கள். அப்பணத்தில் உருவானதே 1986இல் வெளிவந்த ‘அம்மா அறியான்’. வயநாட்டில் இறந்துபோன இளைஞன் ஒருவனின் மரணத்தை அவன் தாய்க்கு அறிவிக்க, நண்பர்கள் ஒவ்வொருவராகச் சேர்ந்து கொச்சிவரை செல்லும் பயணமே கதை.

ஜானிடம் மதுப் பழக்கம் இருந்தது. அதை மறைப்பதில் பயனில்லை. நாம் பின்பற்ற வேண்டியது அவரது கலையையே. 1987 மே 31 அன்று கோழிக்கோட்டில் மாடியிலிருந்து தவறி விழுந்து, 49ஆம் வயதில் மறைந்தார். அவர் விட்டுச் சென்ற முழுநீளப் படங்கள் நான்கே.

சென்ற ஆண்டு நம் கல்லூரியில் கழுதைப் படத்தைத் திரையிட்டார்கள். குட்டி தோன்றியதும் அரங்கமே சிரித்தது. வெட்கத்தோடு சொல்கிறேன், நானும் சிரித்தேன். படம் முடிந்தபோது சிரிப்பொலி இல்லை. விடுதிக்குத் திரும்பும் வழியில், எங்கள் வீட்டிலும் கழுதை இருந்ததென்று முதன்முறையாக என் அறை நண்பனிடம் சொன்னேன். அவன் ஏளனம் செய்யவில்லை. அதற்குப் பெயர் வைத்திருந்தீர்களா என்று கேட்டான்.

ராசாத்தி என்றேன்.

மாணவ நண்பர்களே! நம்மில் ஒவ்வொருவரிடமும் சொல்லக் கூசும் கதை ஒன்று இருக்கும். அதைச் சொல்லும் துணிவை எனக்குத் தந்தவர் ஜான் ஆபிரகாம். இக்கட்டுரையே அதற்குச் சான்று.