பாலகனாய் வந்த பாடகர்: டி. ஆர். மகாலிங்கம்

கல்முனைப் பகுதியிலிருந்து உகந்தைமலை, குமணக் காடு வழியாகக் கதிர்காமத்துக்குக் கால்நடையாய்ச் செல்லும் அடியார்களுக்கு வள்ளியம்மையின் கதையை எவரும் சொல்லித்தர வேண்டியதில்லை. அக்கதையைத் தமிழுலகெங்கும் வெண்திரையிலே பாடிக் காட்டிய ஒருவரின் வரலாற்றை இம்மலரில் கூற விழைகின்றேன். முதியோர் அவர் பாட்டைக் கேட்டு வளர்ந்தவர்கள். எம்போன்ற இளைஞரில் பலர் பெயரை மட்டுமே அறிவோம்.

மதுரைச் சீமையில், வைகைக் கரையிலே, சோழவந்தானுக்கு அண்மையிலுள்ள தென்கரை என்னும் சிற்றூரில் 1924ஆம் ஆண்டு மகாலிங்கம் பிறந்தார். அக்காலத்து நாடகக் கம்பனிகள் சிறுவர்களைச் சேர்த்துப் பாட்டும் வசனமும் பயிற்றின. கொட்டகையின் கடைசி வரிசையில் இருப்பவனுக்கும் கேட்கும்படி உச்ச சுருதியில் பாடவேண்டும். அக்கலையில் மன்னராய் விளங்கிய எஸ். ஜி. கிட்டப்பா 1933இல், இருபத்தேழு வயதிலேயே மறைந்தார். அவருடைய பாணியை மகாலிங்கம் இளமையிலேயே தமதாக்கிக் கொண்டார்.

மேடையிற் பாடிவந்த அச்சிறுவனை ஏ. வி. மெய்யப்பர் தமது ‘நந்தகுமார்’ படத்திலே கண்ணனாக்கினார். படம் வெளிவந்தது 1938இல். அடுத்த ஆண்டு ‘பிரகலாதா’வில் அவரே பிரகலாதன், பிற்காலத்தில் பெரும்புகழ் பெற்ற எம். ஜி. இராமச்சந்திரன் அதிலே இந்திரனாகச் சிறு வேடமேற்றார். கண்ணனும் பிரகலாதனுமாய் ஒரு பிள்ளை வீடுதோறும் அறிமுகமானான்.

பாலக நடிகர் பலரின் வாழ்வு குரல் உடையும் பருவத்தோடு முடிந்துவிடும். மீசை அரும்பியபின் கண்ணன் வேடம் ஏது? மகாலிங்கமோ அக்கண்டத்தைக் கடந்தார். வளர்ந்தபின்னும் அவர் குரல் உச்சியிலேயே நின்றது. 1945இல் ‘ஸ்ரீவள்ளி’யில் முருகனாக நடித்தார், வள்ளியாக வந்தவர் குமாரி ருக்மணி. படம் பெருவெற்றி பெற்றது. 1947இல் பாரதியார் பாடல்களோடு வந்த ‘நாம் இருவர்’ அவரை மேலும் உயர்த்தியது.

இங்கே ஒரு விந்தையைக் கவனிக்க வேண்டும். ‘நந்தகுமார்’ படத்திலேயே, தமிழில் முதன்முறையாக, ஒருவர் நடிக்க இன்னொருவர் குரல் கொடுக்கும் பின்னணிப் பாட்டு புகுந்தது. ‘ஸ்ரீவள்ளி’யிலும் ருக்மணியின் பாட்டுக்கு பி. ஏ. பெரியநாயகி குரல் கொடுத்தார். இம்முறை வேரூன்றியதும் நடிகனுக்குப் பாட்டறிவு வேண்டும் என்ற நிலை மாறிற்று. எந்தப் படங்கள் மகாலிங்கத்தை உயர்த்தினவோ, அவற்றிலேயே அவர் போன்றோரின் காலம் முடிவதற்கான வித்தும் இருந்தது!

அதே வேளையில் அவர் சொந்தமாகப் படமெடுக்கவும் துணிந்தார். ‘மச்சரேகை’ (1950), ‘மோகனசுந்தரம்’ (1951), ‘சின்னதுரை’ (1952), ‘விளையாட்டுப் பொம்மை’ (1954) என முயற்சிகள் தொடர்ந்தன. கடன் ஏறியது, ஈட்டிய செல்வம் கரைந்தது. முப்பது வயதுக்குள் உச்சியையும் பள்ளத்தையும் கண்டுவிட்டார்.

கைதூக்கிவிட்டவர் கவிஞர் கண்ணதாசன். 1958இல் தாம் தயாரித்த ‘மாலையிட்ட மங்கை’யில் மகாலிங்கத்தையே கதாநாயகனாக்கினார். விசுவநாதன் - ராமமூர்த்தி இசையில் அக்குரல் மீண்டும் ஒலித்தது. 1965இல் ஏ. பி. நாகராஜனின் ‘திருவிளையாடல்’ வந்தது. அகங்காரம் கொண்ட ஏமநாத பாகவதரை எதிர்த்துப் பாட வழியின்றிச் சொக்கநாதரிடம் முறையிடும் பாணபத்திரராக அவர் தோன்றினார். கதியற்று நின்ற பாணனுக்காக இறைவன் விறகு வெட்டியாய் வந்த கதை நாம் அறிந்ததே. தாமும் கதியற்று நின்று மீண்டவர் அவ்வேடத்தில் நின்றபோது, அதிலே நடிப்பு எவ்வளவு, வாழ்வு எவ்வளவு என்று யாரால் பிரிக்க முடியும்?

1978ஆம் ஆண்டு, ஐம்பத்து மூன்றாம் வயதில் அவர் காலமானார்.

இளைஞர்களே! இளமையில் வரும் புகழ் இரவற் பொருள் போன்றது; காலம் வந்து திருப்பிக் கேட்கும். பயின்ற வித்தையோ நம்மோடு நிற்கும். மகாலிங்கத்தின் செல்வம் போயிற்று, காலமும் மாறிற்று. சிறுவயதில் சாதகம் செய்து பெற்ற குரல் மட்டும் கைவிடவில்லை. அதுவே அவரை மீட்டது.