முதல் பதக்கமும் அடமானம் போன வீடும்

நம்ம சின்னப்பம்பட்டி நடராஜனை 2017 ஐ.பி.எல். ஏலத்தில் பஞ்சாப் அணி 3 கோடி ரூபாய்க்கு எடுத்தபோது, சேலம் பக்கமெல்லாம் சந்தோஷம். கூடவே, பந்து போடுறதுக்கு இவ்வளவு பணமா என்ற கேள்வியும் எழுந்தது. அதற்குப் பதில் தேடினால் எனக்கு நினைவில் வருபவர் மல்யுத்த வீரர் கே.டி. ஜாதவ்.

மகாராஷ்டிரத்தில், சாத்தாரா மாவட்டம் கோலேஷ்வர் கிராமத்தில் 1926-ல் பிறந்தவர். தந்தையும் பயில்வான். மண் களத்தில் பழகிய ஜாதவ், 1948 லண்டன் ஒலிம்பிக்கில் ஆறாவது இடம் பெற்றார்.

1952-ல் ஹெல்சிங்கி போகக் கையில் காசில்லை. ஊராரிடம் வசூல் செய்தும் போதவில்லை. அவர் படித்த கோலாப்பூர் ராஜாராம் கல்லூரியின் முதல்வர் கர்டேகர், தம் சொந்த வீட்டை அடமானம் வைத்து 7,000 ரூபாய் கொடுத்தார். போனவர் வெண்கலத்தோடு வந்தார். தனிநபர் பிரிவில் சுதந்திர இந்தியாவின் முதல் ஒலிம்பிக் பதக்கம் அது! நூற்றுக்கும் மேற்பட்ட மாட்டு வண்டிகளோடு ஊர்வலம் நடந்தது.

ஊர்வலம் முடிந்தது, கடன் முடியவில்லை. ஜாதவ் மறுபடி குஸ்திக் களத்தில் இறங்கி, அதில் வந்த பணத்தில் முதல்வரின் வீட்டை மீட்டுக் கொடுத்தார். நாட்டுக்குப் பதக்கம் வாங்கிய செலவையும் அவர் உடம்பேதான் அடைத்தது.

1955-ல் போலீஸ் சப்-இன்ஸ்பெக்டர் வேலை கிடைத்தது. அடுத்த ஒலிம்பிக்குக்கு முன்பே முழங்காலில் பலத்த அடி. முப்பது வயதில் எல்லாம் முடிந்தது. 1984-ல் சாலை விபத்தில் இறந்தார். அர்ஜுனா விருது வந்தது அதற்குப் பல வருஷம் கழித்துத்தான்.

நாமக்கல்லில் லாரி வைத்திருப்பவர் தேய்மானத்தைக் கணக்கில் எழுதாமல் இருப்பாரா? டயர் தேய்ந்தால் மாற்றலாம்; மூட்டு தேய்ந்தால்? நடராஜனுக்கும் 2021-ல் முழங்காலில் அறுவை சிகிச்சை நடந்தது. என்னைப் போன்ற இன்ஜினியருக்கு 58 வயது வரை சம்பளம் உண்டு. விளையாட்டு வீரர் பத்துப் பன்னிரண்டு வருஷத்தில் ஆயுசுக்கும் சம்பாதித்தாக வேண்டும். ஆகவே அந்தக் கோடிகள் எனக்கு உறுத்தவில்லை. அது கைவிட்டு எண்ணக்கூடிய சிலருக்கே கிடைப்பதுதான் உறுத்துகிறது. கபடியிலும் ஓட்டத்திலும் மூட்டைத் தேய்க்கும் மற்றவர்கள் இன்றும் ஜாதவ் கணக்கில்தான் இருக்கிறார்கள்.

பழைய மாணவ நண்பர்களே, நாம் யாரும் வீட்டை அடமானம் வைக்க வேண்டாம். நம்ம கல்லூரி மைதானத்தில் ஓடும் பிள்ளைகளின் ஷூவுக்கும், பஸ் செலவுக்கும், அடிபட்டால் வைத்தியத்துக்கும் சங்கத்தில் ஒரு நிதி தொடங்கலாமே. தம்பி தங்கைகளே, நீங்களும் கூச்சப்படாமல் கேளுங்கள். ஜாதவ் கேட்டதால்தான் நாட்டுக்கு அந்தப் பதக்கம் கிடைத்தது.