கணியனைத் தந்த ஆசிரியர்

கோலா தெர்லாவின் தேயிலைச் சரிவில் அலைவரிசை கிடைக்கும் இடமாகப் பார்த்து நின்றால், கைப்பேசியில் தமிழில் எழுதும் செய்தி நொடியில் ஈப்போவுக்கும் போகும், சென்னைக்கும் போகும். இந்த வசதிக்காகப் பலர் உழைத்திருக்கிறார்கள். அவர்களுள் ஒருவரான சிங்கப்பூர் நா. கோவிந்தசாமியைப் பற்றி மாணவர்களுக்குச் சொல்ல விரும்புகிறேன்.

அவர் 1946இல் சிங்கப்பூரில் பிறந்தார். ஆசிரியராகப் பணியாற்றிக்கொண்டே சிறுகதைகள் எழுதினார். பின்னர் நன்யாங் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த தேசியக் கல்விக் கழகத்தில் விரிவுரையாளரானார். 1994இல் தென்கிழக்காசிய எழுத்தாளர் விருது அவருக்குக் கிடைத்தது.

மொழி ஆசிரியரான அவரைக் கணினி ஈர்த்தது. தமிழில் 247 எழுத்துகள் இருக்கின்றன. விசைப்பலகையிலோ அத்தனை விசைகளுக்கு இடமில்லை. ஆனால் நம் இலக்கணத்திலேயே இதற்கு வழி உண்டு. உயிர் 12, மெய் 18, ஆய்தம் 1 என 31 எழுத்துகள் இருந்தால் போதும். மெய்யையும் உயிரையும் அடுத்தடுத்துத் தட்டினால் உயிர்மெய்யை மென்பொருளே உருவாக்கிவிடும். இந்த ஒலிப்பு முறையில் அமைந்ததுதான் அவருடைய கணியன் மென்பொருள். பெயரைக் கேட்டதும் சங்கப் புலவர் கணியன் பூங்குன்றனார் நம் நினைவுக்கு வருவார்.

சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்தின் டாக்டர் டான் டின் வீ போன்றவர்களோடு சேர்ந்து அவர் தமிழை இணையத்தில் ஏற்றினார். 1995 அக்டோபரில் சிங்கப்பூரின் நான்கு மொழிக் கவிதைகளைக் கொண்ட இணையத்தளம் ஒன்றை அன்றைய அதிபர் ஓங் டெங் சியோங் தொடக்கி வைத்தார். அதில் தமிழும் இடம்பெற்றது. 1997இல் சிங்கப்பூரில் தமிழ் இணைய மாநாட்டைக் கூட்டினார். பல நாடுகளில் தனித்தனியே உழைத்தவர்கள் ஒரே இடத்தில் சந்தித்தார்கள். 1999 மே மாதம், 53 வயதில் அவர் காலமானார். அடுத்த மாதமே தமிழ்நாட்டு அரசு தமிழ் 99 விசைப்பலகையை ஏற்றுக்கொண்டது. அவர் முன்வைத்த அமைப்போடு அது நெருங்கிய உறவுடையது.

விக்கிப்பீடியாவில் எழுதும் தன்னார்வலர்களில் நானும் ஒருவன். இவரைப் போன்றவர்களைப் பற்றி எழுதும்போது முதல் என்ற ஒரே சொல்லுக்காக எங்களுக்குள் நீண்ட வாதம் நடக்கும். தமிழைக் கணினியில் முதலில் ஏற்றியவர் இவர்தான் என்று ஒருவர் எழுதுவார். நம் நாட்டு முத்து நெடுமாறன் 1985இலேயே முரசு மென்பொருளைத் தொடங்கிவிட்டாரே என்று மற்றொருவர் கேட்பார். கனடாவில் சீனிவாசன் உருவாக்கிய ஆதமியை மூன்றாமவர் நினைவூட்டுவார். மூவர் கேள்வியும் நியாயமானதே. முதல் மென்பொருள், முதல் இணையப் பக்கம், முதல் மாநாடு ஆகியவை வெவ்வேறு சாதனைகள். எதில் முதல் என்று சொல்லாமல் முதல் என்று மட்டும் எழுதினால், ஒருவரைப் புகழப்போய் இன்னொருவரின் உழைப்பை மறைத்துவிடுவோம்.

ஆதாரத்தைக் காட்டுங்கள் என்பது விக்கிப்பீடியாவின் விதி. தமிழ் மென்பொருள் வரலாற்றில் அதுதான் பெரிய சிக்கல். யூனிகோட் பரவுவதற்கு முன், பல எழுத்துருக்கள் தமக்கென்று தனித்தனிக் குறியீட்டு முறைகளை வைத்திருந்தன. அக்காலப் பக்கத்தை அதற்குரிய எழுத்துரு இல்லாமல் இன்று திறந்தால் புரியாத குறிகள்தாம் தெரியும். பல தளங்கள் மூடப்பட்டுவிட்டன. நெகிழ்வட்டுகளைப் படிக்கும் கருவி வீட்டில் யாரிடம் இருக்கிறது? அதனால் அந்நாளைய நாளிதழ்ச் செய்திகளும் மாநாட்டு மலர்களும் எங்களுக்குப் பொக்கிஷம்.

வாதம் முற்றும்போது நான் ஒரு வழியைப் பரிந்துரைப்பேன். பட்டத்தை எடுத்துவிட்டு, என்ன செய்தார், எந்த ஆண்டு செய்தார், யாரோடு செய்தார் என்பதை ஆதாரத்தோடு எழுதுவோம். அப்படி எழுதினாலும் கோவிந்தசாமியின் பெருமை குறைவதில்லை. தம் மொழியின் இலக்கணத்தைக் கொண்டே கணினியை வசப்படுத்த முயன்ற ஓர் ஆசிரியரை அந்த ஆண்டுகளும் பெயர்களும் நமக்குத் தெளிவாகக் காட்டுகின்றன.

மாணவர்களே, இடுபணிக்காகக் கலைக்களஞ்சியத்திலிருந்து ஒரு வரியை எடுக்கும்போது அதன் பக்கத்தில் சான்று எண் இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் நூலகத்தில் தேடுங்கள். உங்கள் வீட்டு அலமாரியில் 1990களின் தமிழ்க் கணினி இதழோ மாநாட்டு மலரோ இருந்தால் பழைய தாள் என்று எடைக்குப் போட்டுவிடாதீர்கள். நாங்கள் தேடிக்கொண்டிருக்கும் ஆண்டும் பெயரும் அதில் அச்சாகியிருக்கலாம்.